பரங்கிமலையில் உருவாகும் வீராங்கனைகள்

போர்வீரர் என்ற சொல்லைக் கேட்டதும் நம் கண்முன் தோன்றுவது வாளேந்திய ஓர் ஆண்மகனின் உருவமே. நமது பழந்தமிழ் இலக்கியமும் நம்மை அப்படித்தான் பழக்கியிருக்கிறது. புறநானூற்றில் ஒக்கூர் மாசாத்தியார் என்னும் பெண்பாற் புலவர் ஒரு தாயைப் பாடியிருக்கிறார். தந்தையையும் கணவனையும் போரில் பறிகொடுத்த அத்தாய், மறுபடியும் போர்ப்பறை ஒலிக்கக் கேட்டதும், தன் ஒரே மகனின் தலையை வாரி, கையில் வேலைக் கொடுத்து அனுப்பிவிடுகிறாள். வகுப்பில் இதைப் படிக்கும்போதெல்லாம் மாணவியர் நெகிழ்ந்துவிடுவது உண்டு. ஆயினும் ஒன்றைக் கவனித்தீர்களா? பாடியவர் பெண், பாடப்பட்டவளும் பெண், வேல் மட்டும் சிறுவனின் கையில்! வீரனைப் பெறுவதும், வளர்ப்பதும், அனுப்புவதும், பின்பு அழுவதுமே பெண்ணின் பங்கு என்று நெடுங்காலம் இருந்து வந்தது.

விதிவிலக்குகள் இல்லாமலில்லை. 1772ஆம் ஆண்டில் காளையார்கோவிலில் கணவர் முத்துவடுகநாதர் கொல்லப்பட்ட பின், ஹைதர் அலியின் துணை கொண்டு படை திரட்டிச் சிவகங்கையை மீட்ட வேலுநாச்சியாரை அறியாத தமிழ் மாணவி இருக்க மாட்டாள். ஆனால் அரசி வாளெடுப்பது வேறு, சாதாரண வீட்டுப் பெண் படையில் சேர்வது வேறு. இரண்டாவதைத் தமிழ்ப் பெண்கள் முதன்முதலாகப் பெருந்தொகையில் செய்தது நம் ஊரில் அன்று. கடல் கடந்து மலாயாவில்.

1943ஆம் ஆண்டு சிங்கப்பூரில் நேதாஜி சுபாஷ் சந்திர போஸ், இந்திய தேசிய இராணுவத்தில் பெண்களுக்கென ஜான்சி ராணிப் படையை அமைத்தார். அதற்குத் தலைமை ஏற்றவர் டாக்டர் லட்சுமி. சென்னையில் பிறந்து, சென்னை மருத்துவக் கல்லூரியில் படித்து, 1938ல் பட்டம் பெற்றவர். அவரிடம் பயிற்சி பெற வந்தவர்களில் பலர் ரப்பர்த் தோட்டங்களில் பால் வெட்டிய தமிழ்த் தொழிலாளர் குடும்பத்துப் பெண்கள். இந்தியாவைக் கண்ணால் கண்டிராதவர்களும் அவர்களில் இருந்தனர். கோலாலம்பூரிலிருந்து வந்த ஜானகி என்ற பெண்ணோ வசதியான குடும்பத்தில் பிறந்தவர். நேதாஜியின் பேச்சைக் கேட்டுக் காதிலிருந்த தோட்டைக் கழற்றிக் கொடுத்தவர். முகாம் உணவும் ஒழுங்கும் தொடக்கத்தில் தமக்கு மிகவும் சிரமமாக இருந்ததாக அவரே பிற்காலத்தில் கூறியிருக்கிறார். ஆயினும் இருபது வயது நிரம்புமுன்னரே படையில் பொறுப்பான பதவிக்கு உயர்ந்தார். 2000ஆம் ஆண்டில் இந்திய அரசு அவருக்குப் பத்மஸ்ரீ விருது அளித்துப் பெருமைப்படுத்தியது. 1945ல் பர்மாவிலிருந்து பின்வாங்கியபோது இரயிலின் மீது நடந்த தாக்குதலில் ஜோசபின், ஸ்டெல்லா என்னும் இரு வீராங்கனைகள் உயிர் நீத்தனர். அந்தப் பெயர்கள் நம் வருகைப் பதிவேட்டில் இருக்கும் பெயர்களைப் போலவே இருக்கின்றன!

போர் முடிந்தது, படை கலைந்தது, நாடு விடுதலையும் அடைந்தது. சுதந்திர இந்தியாவின் இராணுவத்தில் மருத்துவராகவும் செவிலியராகவும் பெண்கள் பணியாற்றினார்கள். மற்றப் பிரிவுகளின் கதவு திறக்க 1992 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. திறந்த கதவு எங்கே இருந்தது என்று நினைக்கிறீர்கள்? டில்லியில் அல்ல, டேராடூனிலும் அல்ல. நம் ஐயப்பன்தாங்கல் வழியாகச் செல்லும் சாலையின் மறுகோடியில், பரங்கிமலையில்!

மவுண்ட்–பூவிருந்தவல்லி சாலை என்று நாம் தினமும் சொல்கிறோமே, அந்தச் சாலையின் இரு முனைகளும் ஆங்கிலேயர் காலத்து இராணுவக் குடியிருப்புகளே. பரங்கிமலையில் சென்னைப் பீரங்கிப் படையின் தலைமையகம் இருந்தது. பூவிருந்தவல்லியில் வெள்ளைக்காரச் சிப்பாய்களுக்கான முகாம் இருந்தது. இன்று பஸ்ஸுக்கும் லாரிக்கும் இடையே நாம் சாலையைக் கடக்கத் தவிக்கும் இதே வழியில் அன்று பட்டாளம் நடந்திருக்கிறது. 1962ல் சீனாவுடன் நடந்த போரில் நமக்கு ஏற்பட்ட பின்னடைவுக்குப் பிறகு, அதிகாரிகளை விரைவாகப் பயிற்றுவிக்க வேண்டிய தேவை உண்டாயிற்று. அதன் விளைவாக 1963 ஜனவரியில் பரங்கிமலையில் அதிகாரிகள் பயிற்சிப் பள்ளி தொடங்கப்பெற்றது. 1988 ஜனவரி முதல் தேதி அது அதிகாரிகள் பயிற்சி அகாடமி என்று பெயர் மாற்றம் பெற்றது.

பெண்கள் அங்கே நுழைந்த கதை ஒரு கடிதத்தில் தொடங்குகிறது. இமாசலப் பிரதேசத்தைச் சேர்ந்த, சட்டம் படித்த பிரியா ஜிங்கன் என்ற இளம் பெண், இராணுவத்தில் பெண்களையும் சேர்க்க வேண்டும் என்று இராணுவத் தலைமைத் தளபதிக்கே கடிதம் எழுதினார். அப்போது தளபதியாக இருந்தவர் ஜெனரல் சுனித் பிரான்சிஸ் ரோட்ரிக்ஸ். வேறொருவராக இருந்தால் அக்கடிதம் குப்பைக் கூடைக்குப் போயிருக்கலாம். அவரோ பதில் எழுதினார். 1992 செப்டம்பர் 21ஆம் நாள் 25 பெண்களைக் கொண்ட முதல் அணி பரங்கிமலையில் பயிற்சியைத் தொடங்கியது. பிரியா ஜிங்கன் முதலாம் எண் பெண் கேடட் ஆனார். 1993 மார்ச் 6ஆம் நாள் அவர்கள் அதிகாரிகளாக வெளிவந்தார்கள். கடிதம் எழுதுதல் என்ற பகுதியை மதிப்பெண்ணுக்காக மட்டும் படிக்கும் மாணவியர் இதைச் சற்று நினைவில் வைத்துக்கொள்வது நன்று.

இனி, வீராங்கனை எவ்வாறு உருவாகிறாள் என்பதைப் பார்ப்போம்.

முதலில் ஆளைத் தேர்ந்தெடுக்க வேண்டும். எழுத்துத் தேர்வில் வெற்றி பெற்றவர்களைப் பணித் தேர்வு வாரியம் ஐந்து நாட்கள் தன்னிடமே தங்கவைத்துச் சோதிக்கிறது. முதல் நாளிலேயே பலர் ஊர் திரும்ப நேரிடும். எஞ்சியவர்களுக்கு மார்பில் ஓர் எண் கொடுக்கப்படும்; அதன்பின் பெயர் இல்லை, ஊர் இல்லை, தகப்பனார் உத்தியோகம் இல்லை, எண் மட்டுமே. மனநூல் வல்லுநர் 60 சொற்களை ஒன்றன்பின் ஒன்றாகக் காட்டுவார். ஒவ்வொன்றுக்கும் 15 விநாடிதான். அதற்குள் மனத்தில் தோன்றியதை எழுதிவிட வேண்டும். பிறகு 60 இக்கட்டான சூழ்நிலைகளைக் கொடுத்து, இந்நிலையில் நீ என்ன செய்வாய் என்று கேட்பார்கள். அரை மணி நேரத்தில் அத்தனைக்கும் விடை வேண்டும். நல்ல பிள்ளையாக நடித்து எழுத நேரமே கிடையாது. அதுதான் சூட்சுமம்.

அடுத்து மைதானம். எட்டுப் பத்துப் பேர் கொண்ட குழுவிடம் ஒரு பலகை, ஒரு கயிறு, ஒரு மரக்கட்டை ஆகியவற்றைக் கொடுத்து, தரையில் கால் படாமல் ஒரு சுமையை அக்கரை சேர்க்கச் சொல்வார்கள். தலைவர் யாரென்று சொல்லமாட்டார்கள். சிலர் கத்துவார்கள், சிலர் ஒதுங்கி நிற்பார்கள், யாரோ ஒருத்தி, பின்தங்கி நிற்கும் பெண்ணைக் கைகொடுத்து ஏற்றிவிட்டுப் பிறகு தானும் தாண்டுவாள். மேற்பார்வை அதிகாரி இதையெல்லாம் ஓரமாக நின்று குறித்துக்கொள்வார். இதற்கிடையில் ஓர் அதிகாரி தனியே அமர்ந்து நேர்காணல் நடத்துவார். மனநூல் வல்லுநர் மனத்தையும், நேர்காணல் அதிகாரி வாக்கையும், மைதானத்து அதிகாரி செயலையும் அளக்கிறார்கள். ஒருவர் காண்பது மற்றவருக்குத் தெரியாது. மூன்றும் ஒன்றையொன்று ஒத்திருக்கின்றனவா என்று ஐந்தாம் நாள் கூடிப் பார்க்கிறார்கள். எழுதியது ஒன்று, பேசியது ஒன்று, செய்தது வேறொன்று என்றிருந்தால் வீட்டுக்குப் போக வேண்டியதுதான். மனம், மொழி, மெய் மூன்றும் ஒன்றுபட வேண்டும் என்று நம் பெரியோர் கூறியதைத்தான் இராணுவம் ஒரு தேர்வாக வைத்திருக்கிறது.

தேறியவர்கள் மருத்துவப் பரிசோதனைக்குப் பின் பரங்கிமலைக்கு வருவார்கள். முதல் அணிக்குப் பயிற்சிக்காலம் ஏறத்தாழ 24 வாரங்கள். பின்னர் ஆண்களுக்கு உள்ளதைப் போலவே அது 49 வாரங்களாக உயர்த்தப்பெற்றது. ஏறக்குறைய ஒரு முழு ஆண்டு! விடியுமுன் எழுந்து ஓட்டம், உடற்பயிற்சி, டிரில், வகுப்பு, ஆயுதப் பயிற்சி, விளையாட்டு, மறுபடியும் வகுப்பு என்று பொழுது போகும். துப்பாக்கியைப் பிரித்துத் துடைத்து மறுபடி பூட்டக் கற்க வேண்டும். நிலப்படத்தையும் திசைகாட்டியையும் மட்டும் நம்பி, அறிமுகமில்லாத காட்டில் இரவில் வழி கண்டுபிடிக்க வேண்டும். முதுகில் மூட்டையும் கையில் துப்பாக்கியுமாகப் பல கிலோமீட்டர் ஓட வேண்டும். சென்னை வெயிலைப் பற்றி நான் சொல்ல வேண்டியதில்லை. சில உடற்பயிற்சித் தேர்வுகளில் பெண்களுக்குக் கால அளவு சற்று வேறு. சுமை, சேறு, பசி, தூக்கமின்மை ஆகியவை எல்லோருக்கும் ஒன்றே.

இதில் டிரில் என்பது பலருக்கும் விளங்காத ஒன்று. இந்தக் காலத்துப் போரில் யார் வரிசையாகக் கையை வீசி நடக்கிறார்கள், பின் ஏன் மாதக்கணக்கில் அதைப் பழக்க வேண்டும் என்று நம் என்.சி.சி. மாணவியரே கேட்பதுண்டு. நியாயமான கேள்விதான். குண்டு வெடிக்கும் நேரத்தில் மனித மூளை குழம்பிவிடும். ஓடு என்று ஒரு பக்கமும், உறைந்து நில் என்று ஒரு பக்கமும் இழுக்கும். அப்போது கட்டளை காதில் விழுந்ததும் உடல் தானாக இயங்க வேண்டும். ஆயிரம் முறை பழகிய உடல்தான் அப்படி இயங்கும். மேலும், பக்கத்தில் நிற்பவளின் அடியோடு தன் அடி சேர வேண்டும் என்று பழகியவள், அவளை விட்டு ஓடிவர மாட்டாள். ஒருத்தி தாமதமாக வந்ததற்கு அணி முழுவதும் தண்டனையாக ஓடுவதும் இதே காரணத்தால்தான். இது கடுமையாகத் தோன்றும். ஆனால் போர்க்களத்தில் ஒருவரின் கவனக்குறைவுக்கு விலை கொடுப்பவர் பெரும்பாலும் மற்றொருவரே.

உடலை வருத்துவது மட்டுமே பயிற்சி என்று எண்ணிவிடலாகாது. இராணுவச் சட்டமும் ஒரு பாடம். 1949ஆம் ஆண்டின் ஜெனீவா ஒப்பந்தங்களின்படி காயம்பட்ட எதிரியையும், சரணடைந்தவனையும், ஆயுதம் ஏந்தாத பொதுமக்களையும் துன்புறுத்தக் கூடாது. இந்தியா இதற்கென 1960ல் தனிச் சட்டமே இயற்றியிருக்கிறது. யாரைச் சுட வேண்டும் என்பதைவிட யாரைச் சுடக்கூடாது என்பதை அறிந்து கையை அடக்குவதே கடினமான பாடம் என்பது என் கருத்து. ஆயுதம் வைத்திருப்பவர்கள் உலகில் ஏராளம். சட்டத்துக்கும் கட்டளைக்கும் உட்பட்டு ஆயுதம் ஏந்தி, தான் செய்ததற்குப் பதில் சொல்லவும் கடமைப்பட்டவரையே போர்வீரர் என்கிறோம். மற்றவரை வேறு பெயரால் அழைப்பார்கள்.

அகாடமியில் டிரில் நடக்கும் சதுக்கத்துக்கு மேஜர் பரமேஸ்வரனின் பெயர் சூட்டப்பட்டிருக்கிறது. 1972ல் இதே இடத்தில் பயிற்சி முடித்து வெளிவந்த அவர், 1987 நவம்பர் 25ஆம் நாள் இலங்கையில் நடந்த மோதலில், மார்பில் குண்டு பாய்ந்த நிலையிலும் எதிரியின் துப்பாக்கியைப் பறித்துப் போரிட்டு மாண்டார். அவருக்குப் பரம் வீர் சக்கரம் வழங்கப்பட்டது. அந்தப் போரை நினைக்கையில் தமிழர் நெஞ்சில் இன்றும் வலி உண்டு. இரு பக்கத்திலும் தமிழ்த் தாய்மார் பிள்ளைகளை இழந்தார்கள். ஒவ்வொரு கேடட்டும் நாள்தோறும் அச்சதுக்கத்தில்தான் அடியெடுத்து வைக்கிறாள். தான் தேர்ந்துகொண்ட தொழில் எங்கே கொண்டுபோய் விடக்கூடும் என்பது அவளுக்கு மறைக்கப்படுவதில்லை.

அந்தச் சதுக்கத்திலிருந்து 2010 செப்டம்பரில் வெளிவந்தார் திவ்யா அஜித் குமார். சென்னைப் பெண், குட் ஷெப்பர்டு கான்வென்டிலும் ஸ்டெல்லா மாரிஸ் கல்லூரியிலும் படித்தவர், என்.சி.சி. மாணவி. ஆண், பெண் கேடட்டுகள் அனைவரிலும் சிறந்தவருக்கு அளிக்கப்படும் மரியாதை வாளை அகாடமியின் வரலாற்றில் முதன்முதலாகப் பெற்ற பெண் அவரே. 2015ஆம் ஆண்டுக் குடியரசு தின அணிவகுப்பில் 154 பேர் கொண்ட மகளிர் அணியை டில்லி இராஜபாதையில் அவர் தலைமை தாங்கி நடத்திச் சென்றார். கன்னியர் மடப் பள்ளியில் படித்த பெண் கணக்கும் தையலும் பாட்டும்தான் கற்பாள் என்று இனி யாரும் சொல்ல இயலாது அன்றோ!

வேறொரு வீராங்கனையைப் பற்றியும் சொல்ல வேண்டும். 2015 நவம்பரில் காஷ்மீரத்தில் கர்னல் சந்தோஷ் மகாதிக் பயங்கரவாதிகளுடன் போரிட்டு உயிர் துறந்தார். அவருடைய மனைவி சுவாதிக்கு இரண்டு சிறு குழந்தைகள். பணியில் மாண்ட வீரர்களின் மனைவியருக்கு வயது வரம்பில் சலுகை உண்டு. அதன்படி விண்ணப்பித்து, தேர்வுகளில் தேறி, தம்மைவிடப் பத்து வயதுக்கு மேல் இளைய பெண்களோடு பரங்கிமலையில் ஓடி, நடந்து, தவழ்ந்து, 2017 செப்டம்பரில் சுவாதி மகாதிக் லெப்டினென்ட் ஆனார். பயிற்சி முடிந்ததும் தோளில் நட்சத்திரங்களைக் குத்திவிடும் சடங்கு ஒன்று உண்டு. அதைச் செய்பவர்கள் கேடட்டுகளின் பெற்றோரும் உற்றாருமே. புறநானூற்றுத் தாய் வேலைக் கொடுத்து மகனை அனுப்பினாள்; இங்கே தாய் தன் மகளின் தோளில் நட்சத்திரம் குத்துகிறாள். பார்க்கிற எவருக்கும் தொண்டை அடைக்கும்.

இத்தனைக்குப் பிறகும் பெண்களுக்கு முழு இடம் எளிதில் கிடைத்துவிடவில்லை. 1992ல் அவர்களைச் சேர்த்தபோது ஐந்தாண்டுப் பணி என்றே சேர்த்தார்கள். பிறகு அது பத்தாகி, பதினான்காயிற்று. ஓய்வூதியம் பெற இருபது ஆண்டுப் பணி வேண்டும்! பதினான்கு ஆண்டுகள் எல்லையிலும் பனியிலும் உழைத்த பெண், நடுத்தர வயதில் ஓய்வூதியமின்றி வீடு திரும்ப வேண்டும். உடன் பயிற்சி பெற்ற ஆணோ நிரந்தரப் பணிக்கு மாறித் தொடரலாம். இந்த அநீதியை எதிர்த்துப் பெண் அதிகாரிகள் நீதிமன்றம் சென்றார்கள். கிராமப்புறங்களிலிருந்து வரும் ஆண் சிப்பாய்களின் மனம் பெண்ணின் கட்டளையை ஏற்கப் பக்குவப்படவில்லை என்று அரசுத் தரப்பில் வாதிடப்பட்டது. பக்குவப்படாதது அவர்கள் மனமாக இருக்க, தண்டனை இவர்களுக்கா? 2020 பிப்ரவரி 17ஆம் நாள் உச்ச நீதிமன்றம் அந்த வாதத்தைத் தள்ளிவிட்டு, பெண் அதிகாரிகளுக்கு நிரந்தரப் பணியும் தலைமைப் பொறுப்பும் மறுக்கப்படக் கூடாது என்று தீர்ப்பளித்தது. இவ்வழக்கு நடந்துகொண்டிருந்த ஆண்டுகளில் பதினான்கு ஆண்டு முடிந்தும் உறுதியற்ற நிலையில் பணியாற்றிய பெண்களின் பொறுமையும் வீரத்தில் சேர்ந்ததே.

அதன்பின் கதவுகள் ஒவ்வொன்றாகத் திறந்தன. 2021 மே மாதத்தில் பெங்களூரில் 83 பெண்கள் இராணுவக் காவல் பிரிவில் சிப்பாய்களாகப் பயிற்சி முடித்தனர். அதிகாரிகளாக அல்லாமல் சிப்பாய்களாகவே பெண்கள் சேர்ந்தது அதுவே முதல்முறை. 2023 ஏப்ரலில் பரங்கிமலையிலிருந்து ஐந்து பெண்கள் பீரங்கிப் படைக்குச் சென்றனர். சென்னைப் பீரங்கிப் படையின் பழைய ஊரிலிருந்தே அவர்கள் புறப்பட்டது நல்ல பொருத்தந்தான். ஆயினும் அவ்வாண்டில் காலாட்படையும் கவசப் படையும் பெண்களுக்குத் திறக்கவில்லை. 2025 மே மாதம் நாட்டின் இராணுவ நடவடிக்கையைப் பற்றி உலகுக்கு விளக்கியவர்களுள் ஒருவரான கர்னல் சோஃபியா குரேஷி, 1999ல் பரங்கிமலையில் பயிற்சி முடித்தவரே. அதே மாதம் 30ஆம் நாள் புனேயை அடுத்த தேசியப் பாதுகாப்பு அகாடமியிலிருந்து 17 பெண்கள் முதன்முறையாகப் பட்டம் பெற்று வெளிவந்தனர்.

இம்மலரைப் படிக்கும் மாணவியரில் சிலருக்கேனும் இவ்வழியில் செல்ல ஆசை எழலாம். அவர்களுக்கும் பெற்றோருக்கும் பயன்படுமாறு சில விவரங்களைக் கூறுகிறேன்.

பிளஸ் டூ படிக்கும்போதே தேசியப் பாதுகாப்பு அகாடமித் தேர்வை எழுதலாம். வயது பதினாறரை முதல் பத்தொன்பதரை வரை. திருமணம் ஆகியிருக்கக் கூடாது. யு.பி.எஸ்.சி. இத்தேர்வை ஆண்டுக்கு இருமுறை நடத்துகிறது. கணிதத்துக்கு 300 மதிப்பெண், பொதுத் திறனுக்கு 600 மதிப்பெண். இராணுவப் பிரிவுக்கு எந்தப் பாடப்பிரிவில் படித்தவரும் விண்ணப்பிக்கலாம். விமானப் படைக்கும் கடற்படைக்கும் இயற்பியலும் வேதியியலும் கணிதமும் படித்திருக்க வேண்டும். பட்டம் பெற்றபின் பரங்கிமலைக்குச் செல்ல விரும்புவோர் ஒருங்கிணைந்த பாதுகாப்புப் பணித் தேர்வில் ஆங்கிலம், பொது அறிவு ஆகிய இரண்டு தாள்களை மட்டும் எழுதினால் போதும். கணக்கைக் கண்டு அஞ்சுவோருக்கு இது நற்செய்தி. என்.சி.சி.யில் சேர்ந்து கல்லூரியில் 'சி' சான்றிதழை நல்ல தகுதியுடன் பெற்ற பட்டதாரிகளுக்கு எழுத்துத் தேர்வே இல்லை. நேரே ஐந்து நாள் தேர்வுக்கு அழைக்கப்படுவார்கள். ஆகவே காலைப் பரேடுக்கு வருவதற்கு முகம் சுளிக்கும் மாணவியர் யோசித்துக்கொள்ளட்டும். இன்னும் சிறிய பெண்களைப் பெற்ற பெற்றோர், அமராவதிநகர் சைனிக் பள்ளியின் ஆறாம் வகுப்பு நுழைவுத் தேர்வைப் பற்றி விசாரிக்கலாம். முன்பு ஆண்பிள்ளைகளுக்கென்றே இருந்த சைனிக் பள்ளிகள் இப்போது பெண்களையும் சேர்த்துக்கொள்கின்றன.

ஒரு சங்கடத்தையும் சொல்லிவிட வேண்டும். யு.பி.எஸ்.சி. நடத்தும் இத்தேர்வுகளின் வினாத்தாள்கள் ஆங்கிலத்திலும் இந்தியிலும் மட்டுமே வருகின்றன. தமிழ்வழியில் பயிலும் நம் பிள்ளைகளுக்கு இது கூடுதல் சுமைதான். எட்டாம் வகுப்பிலிருந்தே நாள்தோறும் ஆங்கிலப் பத்திரிகையில் ஒரு செய்தியையாவது வாய்விட்டுப் படித்து, புரியாத சொற்களை ஒரு நோட்டுப் புத்தகத்தில் குறித்துவந்தால், பிளஸ் டூ வருவதற்குள் அச்சம் போய்விடும். ஓட்டப் பயிற்சிக்குத் தனி மைதானம் தேவையில்லை. பள்ளி விட்டபின் மாலையில் நம் விளையாட்டுத் திடல் திறந்தேதான் இருக்கிறது.